சாம்பிராணிப் புள்ளிகள்

பின்தாளை உரிக்கும்போது மூச்சை அடக்கிக்கொள்ள வேண்டும் என்று பெட்டியோடு வந்த குறிப்புத் தாளில் எழுதியிருக்கவில்லை. அது உமையாள் தானே கண்டுபிடித்தது. மூலையில் முன்பக்கம் ஒரு துண்டு செலோடேப், பின்பக்கம் ஒரு துண்டு, இரண்டையும் இரண்டு கையால் பிடித்து வெடுக்கென்று இழுத்தால் ஜன்னல் கண்ணாடியில் ஒட்டுகிற பாதுகாப்புப் பிலிம் ஒரு பக்கமும் பின்தாள் ஒரு பக்கமுமாகப் பிளந்துகொண்டு வரும். அந்த நேரத்தில் பசைப்பக்கம் எதையும் தன்மேல் இழுத்துக்கொள்ளும், தூசியை, தலைமுடியை, வாயிலிருந்து தெறிக்கிற எச்சில் துளியைக்கூட. அதனால்தான் மின்விசிறி ஓடவில்லை, அதனால்தான் தலையில் துண்டு, அதனால்தான் திரைச்சீலை கழற்றி உள்ளறைக் கட்டில்மேல் குவித்திருந்தது, ஹால் தரை இரண்டு முறை ஈரத்துணியால் துடைத்திருந்தது. பொன்மலைப் பக்கத்து மே மாத வெக்கையில் கதவெல்லாம் சாத்திக்கொண்டு, ஸ்டூல்மேல் ஏறி நின்று, வியர்வை புருவத்தைத் தாண்டி விழுந்துவிடாமல் தலையைப் பின்னுக்குச் சாய்த்துக்கொண்டு, நாற்பத்தெட்டு வயதில் இது என்ன வேலை என்று யாராவது கேட்டால் கேட்கட்டும். மஸ்கட்டில் பத்தொன்பது வருஷம் பல்பு ஃபியூஸ் போனாலும் வாட்ச்மேனுக்குப் போன் போட்டவள். ஏழாவது மாடி, திறக்கவே திறக்காத ஜன்னல், அதில் யாரோ எப்போதோ பிலிம் ஒட்டிவைத்திருந்தார்கள், ஒட்டியிருக்கிறது என்பதே அவளுக்குத் தெரியாது, அந்த ஊரை விட்டு வந்து இரண்டு வருஷம் கழித்து இந்தப் பெட்டியை வாங்கிய பிறகுதான், அடடா, அந்த ஜன்னல் ஓரத்தில் நூல் மாதிரி ஒரு கோடு ஓடியதே, அது இதுதானா என்று உறைத்தது. யாரோ ஒருவன் ஒட்டியிருப்பான். அவன் மூச்சை அடக்கியிருப்பானா. அடக்கியிருப்பான். அந்தக் கோடு நேராக இருந்தது.

மணி பத்தரை. பன்னிரண்டரைக்கு அவள் வீட்டுக்காரர் மகள் தேனுவைப் பயிற்சிப் பள்ளியிலிருந்து கூட்டிக்கொண்டு வருவார். பன்னிரண்டே முக்காலுக்குப் பாசஞ்சர் ரயில். ஒரு மணிக்கு ஆசாரி. இந்த மூன்றும் காலையிலிருந்து அவளுக்குள் ஒன்றன்பின் ஒன்றாகப் போய்க்கொண்டே இருந்தன, தேனு, ரயில், ஆசாரி, தேனு, ரயில், ஆசாரி. ஆசாரி வந்தால் ஜன்னலின் கீழ்ப்பாதிக்குப் பலகை, நாலு பக்கமும் ஸ்க்ரூ, பிறகு அது பலகைதான். "மேல்பாதில வெளிச்சம் வருதுல்ல, அது போதும்" என்று அவர் சொல்லியிருந்தார். சோலையப்பனைக் குற்றம் சொல்லவும் முடியாது. ஏழு வாரத்துக்கு முன்னால் தேனுவின் கையைத் துண்டால் சுற்றிப் பிடித்துக்கொண்டு மூன்று மாடி இறங்கியது அவர்தான். தேனுவுக்குப் பதினேழு வயது, பேச்சு இல்லை, ஆனால் சந்தோஷம் இருக்கிறது, சந்தோஷம் வந்தால் அது வாய்க்குப் போகாமல் கைக்குப் போகும். ரயில் வரும் சத்தம் கேட்டதும் இந்த ஜன்னலுக்கு ஓடிவந்து, குதிகால் தரையில் படாமல் எக்கி நின்று, உள்ளங்கையால் கண்ணாடியில் அடிப்பாள். தட்டுவது இல்லை, அடிப்பது. எஞ்சினிலிருந்து கடைசிப் பெட்டி வரைக்கும், தாளம் தப்பாமல். அன்றைக்குக் கண்ணாடி தாங்கவில்லை. பதினோரு தையல். ஒரு விரல்கடை தள்ளிப் பட்டிருந்தால் நரம்பு என்று டாக்டர் சொன்னபோது உமையாள் அவர் விரலைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள், சின்ன விரலா பெரிய விரலா, எந்த விரல்கடையைச் சொல்கிறார் என்று, அப்படி ஒரு கேள்வி அந்த நேரத்தில் எங்கிருந்துதான் வந்ததோ. கண்ணாடி உடைந்தபோது அவள் போனில் இருந்தாள். அக்காவோடு. என்ன பேசினாள்? புளி. இந்த வருஷத்துப் புளி கறுப்பாக இருக்கிறது என்று பேசிக்கொண்டிருந்தாள். வேண்டாம், அதை நினைக்கக் கூடாது, கை நடுங்கும், இப்போது கை நடுங்கக் கூடாது. புதுக் கண்ணாடி போட்டார்கள், அதன்மேல் தற்காலிகமாக ஒரு பிளைவுட். பலகைமேலும் அடிப்பாள் என்று பயந்தார்கள். அடிக்கவில்லை. அதுதான். முதல் இரண்டு நாள் வந்து பலகையைத் தொட்டுப் பார்த்துவிட்டுப் போனாள், மூன்றாம் நாளிலிருந்து ரயில் வரும் நேரத்துக்குச் சோபாவில் சுருண்டு இரண்டு காதையும் பொத்திக்கொண்டாள். ரத்தத்தைப் பார்த்தபோது அழாத உமையாள் அதைப் பார்த்து அழுதாள். இன்றைக்குக் காலையில் அவர்கள் கிளம்பிப் போனதும் முதல் வேலையாக அந்தப் பிளைவுட்டைக் கழற்றினாள், நாலு ஸ்க்ரூ, நாலையும் அவளேதான், ஒன்றின் தலை தேய்ந்து சுற்றிக்கொண்டே இருந்தது, விடவில்லை.

பிலிம் கண்ணாடிமேல் உட்கார்ந்தது. உட்கார்ந்தது என்றுதான் சொல்ல வேண்டும், ஷாம்பு கலந்த தண்ணீர் மேலே வழுக்கி, இங்கேயா அங்கேயா என்று கொஞ்சம் நகர்ந்து பார்த்து, சம்மணம் போட்டு உட்கார்ந்த மாதிரி. மேலே இன்னொரு தடவை தண்ணீர் அடித்து, நடுவிலிருந்து ஓரத்துக்கு, நடுவிலிருந்து ஓரத்துக்கு ரப்பர் வைப்பரால் இழுத்தாள். குறிப்புத் தாள் முழுக்க ஆங்கிலம். பத்தாம் வகுப்பு வரை காரைக்குடியில் தமிழில் படித்து, பிறகு கல்லூரியில் ஆங்கிலத்துக்குள் தள்ளப்பட்டு, அப்புறம் வெளிநாட்டுப் பள்ளிக்கூட நூலகத்தில் அந்தப் பாஷையிலேயே பத்தொன்பது வருஷம் பிழைத்தவளுக்கு அதைப் படிப்பதில் ஒன்றும் சிரமமில்லை, ஆனால் ஒன்றைக் கவனித்தாள், வேலை செய்யும்போது கைக்கு வருகிற உத்தரவெல்லாம் அந்தப் பாஷையில் வருகிறது, பயம் மட்டும் சுத்தத் தமிழில் வருகிறது. அழுத்தி இழு, முந்தைய இழுப்பின்மேல் கொஞ்சம் ஏறி இழு என்கிறது தாள். கையெடுத்தால் கிழிஞ்சுரும் என்கிறது பயம். தண்ணீர் ஓரத்தில் திரண்டு, சட்டத்தில் வழிந்து, கீழே விரித்திருந்த பழைய வேட்டியில் சொட்டியது. குமிழ் ஒன்று இருந்தது, வலது மேல்மூலையில், உளுந்து அளவு. அதை ஓரத்துக்குத் தள்ளிக்கொண்டே போனாள், அது போக மாட்டேன் என்று ஒரு பக்கம் ஒதுங்கி, மறுபக்கம் ஒதுங்கி, கடைசியில் வெளியே போனதும் சின்னதாக ஒரு சத்தம் கூடக் கேட்ட மாதிரி இருந்தது. ஆஹா. யாராவது பார்க்க வேண்டுமே. ஒருத்தர் கூட இல்லையே. அவர் பார்க்க வேண்டும். "உமை, உனக்கு ஊசில நூல் கோக்கவே மூணு தடவை எச்சில் தொடணும், நீ கண்ணாடில பிலிம் ஒட்டப்போறியா? ஆளைக் கூப்பிட்டா ஒரு மணி நேரத்துல முடிச்சுட்டுப் போயிருவான்" என்றவர். ஆளைக் கூப்பிட்டிருக்கலாம். ஏன் கூப்பிடவில்லை என்று அவளுக்கே முழுக்கத் தெரியாது. புளியைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்த கைதான் இதைச் செய்ய வேண்டும் என்று இருந்தது, அவ்வளவுதான், அதை வெளியே சொன்னால் திமிர் என்பார்கள். எளிதில் உடையாத டஃபன்டு கண்ணாடி போட்டிருக்கலாமே என்று அக்கா கேட்டாள். மஸ்கட்டில் குளியலறைக் கதவு அதுதான், ஒருநாள் காலையில் யாரும் தொடாமலே வெடித்து, கற்கண்டு கொட்டிய மாதிரி தரையெல்லாம், நடுவில் வெறுங்காலோடு தேனு, அப்போது ஆறு வயது, கற்கண்டு என்றே நினைத்துக் குனிந்தாள். அது வேண்டாம். உடைந்தாலும் விழாதது வேண்டும். உடையாதது உலகத்தில் ஏது.

சமையல்கட்டு ஜன்னலைப் பற்றி நினைக்கக் கூடாது என்று நினைத்தாள், உடனே நினைத்தாள். போன வெள்ளிக்கிழமை கைப்பழக்கத்துக்காக முதலில் அந்தச் சின்ன ஜன்னலில் ஒட்டினாள். எல்லாம் தயார், கண்ணாடி பளிச்சென்று, மின்விசிறி நிறுத்தி, பின்தாளை உரித்துப் பிலிமைக் கையில் விரித்துப் பிடித்திருக்கும்போது பின்னால் மணிச்சத்தம். வெள்ளிக்கிழமையாயிற்றே. சோலையப்பன் தூபக்காலில் சாம்பிராணி போட்டு, விசிறிக்கொண்டே ஒவ்வோர் அறையாக வந்து, சமையல்கட்டிலும் நுழைந்து, அடுப்புக்குக் காட்டி, அரிசி டப்பாவுக்குக் காட்டி, "கண்ணைத் தொட்டுக்க" என்று அவளுக்கும் காட்டினார். இரண்டு கையிலும் பிலிம். எப்படித் தொட்டுக்கொள்வது? "வெளிய போங்க, வெளிய போங்க!" என்று கத்தினாள். "சாமிக்குக் காட்டுற புகையைப் பார்த்தா வெளிய போன்னு சொல்ற?" "சாமிய இல்லீங்க, உங்களை!" அதற்குள் அது நடந்துவிட்டது. புகைக்கு என்ன கனம் இருக்கும் என்று நினைப்போம், ஒட்டி முடித்து விளக்கைப் போட்டுப் பார்த்தபோது கண்ணாடி முழுக்கக் கடுகைப் பொடித்துத் தூவிய மாதிரி கரிப்புள்ளிகள், ஒவ்வொரு புள்ளியைச் சுற்றியும் ஒரு குட்டிக் குமிழ். வெள்ளிக்கிழமை இந்த வேலையை எடுத்ததே தப்பு, தலைமுறை தலைமுறையாக அவர் குடும்பத்தில் வெள்ளிக்கிழமை ஆறு மணிக்குப் புகை வரும் என்று பிறந்த குழந்தைக்குத் தெரியும், அவளுக்கு மட்டும் அன்று மறந்துபோயிற்று. அவர் வந்து பார்த்துவிட்டு, "பரவால்ல, கொசு உள்ள வராது, கொசு ஏற்கெனவே உள்ள இருக்குன்னு நினைச்சுக்கும்" என்றார். சிரித்துவிட்டாள். சிரித்துவிட்டு இரவு தூங்கவில்லை. அந்த ஜன்னலில் இப்போது ஒரு காலண்டரை மாட்டி மறைத்து வைத்திருக்கிறாள். இன்றைக்குச் செவ்வாய். செவ்வாய்க்கிழமையும் ஆகாது என்பார்கள். ஆகட்டும். புகை இல்லை, அது போதும்.

ஓரத்தைக் கட்டரால் வெட்டும்போது நாடித்துடிப்பு விரல் நுனியில் தெரிந்தது. சட்டத்தை ஒட்டி வெட்டக் கூடாது, ஒரு நூல் இடைவெளி விட வேண்டும், தண்ணீர் வெளியேற. இரும்பு ஸ்கேலை வைத்து, மூச்சு, ஒரே இழுப்பு, மேலிருந்து கீழே, நிறுத்தாமல். நாலு பக்கம். முடிந்தது. ஸ்டூலிலிருந்து இறங்கிப் பின்னால் நகர்ந்து, இன்னும் பின்னால், சோபா காலில் இடிக்கிற வரைக்கும் போய்ப் பார்த்தாள். எங்கே பிலிம்? தெரியவில்லை. லேசான பால்நிறம் ஒன்று மட்டும், ஆடி மாதத்து வானம் மாதிரி, அது காயக் காயத் தெளிந்துவிடும், முப்பது நாள் என்கிறது தாள். ஒரு புள்ளி இல்லை. ஒரு முடி இல்லை. ஒருக்களித்துப் பார்த்தாள், குனிந்து பார்த்தாள், மூக்குக்கண்ணாடி போட்டுப் பார்த்தாள், கழற்றிப் பார்த்தாள். ஓரத்தில் நூல் மாதிரி ஒரு கோடு, நேராக. இதை நான் செய்தேன். வாய்விட்டே சொன்னாள், ஆள் இல்லாத வீட்டில் குரல் கொஞ்சம் அதிகமாகவே ஒலித்தது, நான் செஞ்சேன். கைகளைப் பார்த்தாள். ஊறி, வெளுத்து, சுருங்கிப்போன கைகள், அழகாக இருந்தன. ஸ்டூலை ஓரமாக வைத்தாள், வேட்டியைச் சுருட்டினாள், மறுபடியும் வந்து பார்த்தாள். மணி பதினொன்றே முக்கால். அப்போதுதான் அது வந்தது. தாங்கும் என்று யார் சொன்னது? தாள் சொன்னது. தாளை யார் எழுதினார்கள்? தேனுவைத் தெரியாத யாரோ. தாங்குமா என்று தெரிய உடைத்துப் பார்க்க வேண்டும், உடைத்துப் பார்த்தால் கண்ணாடி இருக்காது, உடைத்துப் பார்க்காவிட்டால் தேனுதான் பார்ப்பாள், முதலில் பார்ப்பது தேனுவின் கையாக இருக்கும். அதைத் தடுக்கத்தானே இத்தனை பாடு, கடைசியில் அதற்கேவா? முப்பது நாள் காயட்டும் என்று சொல்லலாம், முப்பது நாளும் பலகை, முப்பது நாளும் அவள் காதைப் பொத்திக்கொண்டு, முப்பத்தொன்றாம் நாள் மட்டும் எப்படித் தெரியும்? அன்றைக்கும் இதே கேள்வி. தேனு நிற்கிற இடத்தில் போய் நின்றாள். கையை ஓங்கினாள். கை இறங்கவில்லை. பயமா என்று பார்த்தாள், பயம் இல்லை. வேறென்னவோ. அழகு. இதை உடைக்க மனசு வரவில்லை, அவ்வளவு அழகாக வந்திருக்கிறது. ச்சீ. யாருக்காகச் செய்தோமோ அவளைவிடச் செய்தது பெரிதாகிவிட்டதா ஒரு மணி நேரத்தில்? கன்னத்தில் யாரோ அறைந்த மாதிரி இருந்தது. கையை இறக்கினாள். பிறகு, மெதுவாக, மோசமானது தாங்கினால் நல்லது தாங்கும் என்று ஒரு எண்ணம் வந்தது, அது வந்த வேகத்தில் சமையல்கட்டுக்கு நடந்தாள்.

காலண்டரைக் கழற்றினாள். கரிப்புள்ளிகள் வெயிலில் இன்னும் பளிச்சென்று, அம்மை போட்ட முகம் மாதிரி. நாலு நாள்தான் ஆகிறது ஒட்டி. கேஸ் அடுப்பைத் தள்ளி வைத்துவிட்டு, புடவையைச் செருகிக்கொண்டு, சமையல் மேடைமேல் ஏறி முட்டிபோட்டு உட்கார்ந்தாள். வெளியே கம்பி இருக்கிறது, இரண்டாம் மாடி சன்ஷேடும் இருக்கிறது, கீழே போகிறவர்கள் தலையில் எதுவும் விழாது. உள்ளங்கையால் ஓங்கி அடித்தாள். ஒன்றும் ஆகவில்லை. அடிக்கவும் இல்லை என்று தெரிந்தது, கை கண்ணாடிக்குக் கிட்டே போனதும் தானாகவே வேகத்தைக் குறைத்துக்கொண்டது. மறுபடியும். மறுபடியும் அதேதான். நாற்பத்தெட்டு வருஷமாக இந்தக் கைக்குப் பழக்கம், எதன்மேலும் முழுசாக விழக் கூடாது, யார் வீட்டுக் கதவென்றாலும் விரலை மடித்து இரண்டு தட்டு. தேனுவின் கைக்கு அது தெரியாது, அவள் கையில் பிரேக் இல்லை, அதனால்தான் அந்தச் சந்தோஷம் அப்படி முழுசாக இருக்கிறது, அதனால்தான் பதினோரு தையல். எதிர்ப் பிளாக்கில் துணி உலர்த்திக்கொண்டிருந்த ஜெபமணி, ரயில்வே வொர்க்ஷாப்காரர் மனைவி, கிளிப்பை வாயில் கவ்வியபடி பார்த்துக்கொண்டிருந்தாள். "உமையாக்கா! என்னக்கா மேடை மேல ஏறி உக்காந்திருக்கீங்க? பல்லியா?" "இல்ல ஜெபா, ஜன்னலை உடைக்கிறேன்." "அண்ணன்கூட சண்டையா?" "சண்டையெல்லாம் இல்ல. உடைஞ்சா விழுதான்னு பார்க்கணும்." ஜெபமணி கிளிப்பை வாயிலிருந்து எடுத்தாள். "உடைஞ்சா விழாம என்னக்கா செய்யும்? எறங்குங்கக்கா, கைய கிழிச்சுக்கிட்டு... நான் எங்க வீட்டு அவுகளைக் கூப்பிடவா?" "யாரையும் கூப்பிடாத. பேசாம பாரு." அப்போது தூரத்தில் சரக்கு ரயில் ஒன்றின் ஹாரன், பிறகு மேடையின் கல்லில், முட்டியில், பல்லில் அந்த அதிர்வு. உமையாள் குதிகால்களை உயர்த்திக்கொண்டாள், தேனு மாதிரி, தோளிலிருந்து கையை எடுத்தாள், தேனு மாதிரி, வண்டி வருகிறது, வருகிறது, வந்துவிட்டது, அடித்தாள். அடித்தாள். அடிக்க அடிக்க ஏதோ ஒன்று வயிற்றிலிருந்து கிளம்பி மேலே வந்தது, அழுகை என்று நினைத்தாள், சிரிப்பு, இதுவா, இதுதானாடி உனக்கு, இத்தனை வருஷமா இதுதானா, அடித்தாள், கண்ணாடி மடேரென்று விரிசல் விட்டது. நடுவிலிருந்து நாலா பக்கமும் கோடுகள், கோடுகளுக்குள் கோடுகள். எதிரே ஜெபமணி "ஏசப்பா!" என்று கண்ணை மூடிக்கொண்டாள். சரக்கு வண்டி பெட்டி பெட்டியாகப் போய்க்கொண்டே இருந்தது. உமையாள் உள்ளங்கையைத் திருப்பிப் பார்த்தாள். சிவந்திருந்தது. சிவப்புதான், ரத்தமில்லை. கண்ணாடியைப் பார்த்தாள். ஒரு சில்லு கூட விழவில்லை. உடைந்த ஜன்னல் இருந்த இடத்திலேயே இருந்தது, கரிப்புள்ளியோடும் குமிழோடும். உள்ளங்கையை வைத்து அழுத்தினாள், லேசாகத் தொப்பை மாதிரி அமுங்கித் திரும்பி வந்தது. இன்னொரு அடி. தாங்கியது. முழங்கையால் ஒரு இடி. தாங்கியது. அவள் வாழ்நாளில் செய்த வேலைகளிலேயே மோசமான வேலை அது, மேடைமேல் முட்டிபோட்டபடி அதையே பார்த்துக்கொண்டிருந்தாள், ஹாலில் இருக்கிற அந்த அழகான வேலையைப் பார்த்ததைவிட அதிக நேரம்.

சாவி திரும்பும் சத்தம் கேட்டபோது மேடையிலிருந்து இறங்கியிருந்தாள், அடுப்பை இழுத்து வைக்க மட்டும் நேரமில்லை. சோலையப்பன் செருப்பைக் கழற்றும்போதே, "கீழ ஜெபமணி வழிமறிச்சு என்னென்னமோ சொல்லுது, உனக்குக் கோபமாம், ஜன்னலாம்" என்றபடி உள்ளே வந்து சமையல்கட்டு வாசலில் நின்றுவிட்டார். "என்ன இது?" "உடைச்சேன்." "எதால?" கையைக் காட்டினாள். அவர் அந்தக் கையைப் பிடித்து வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார், இந்தப் பக்கம், அந்தப் பக்கம், மணிக்கட்டு, விரலிடுக்கு, ஏழு வாரத்துக்கு முன்னால் இன்னொரு கையைப் பார்த்த மாதிரியே. பிறகு ஜன்னலிடம் போனார். ஒரு விரலால் தொட்டார். விரலை மடித்துத் தட்டினார். உள்ளங்கையால் தள்ளினார். அவளைத் திரும்பிப் பார்த்துவிட்டு, கையை ஓங்கி ஒரு அடி அடித்தார், கண்ணாடி இன்னும் நாலு இடத்தில் கீறி அங்கேயே நின்றது. "என் சாம்பிராணியோடயா இது?" என்றார். "உங்க சாம்பிராணியோடதான். இதுல பாதி ஒட்டவே இல்ல. இதுவே இப்படின்னா ஹால்ல இருக்கிறதை நீங்களே போய்ப் பாருங்க." அந்தக் கடைசி வார்த்தையில் தன் தலை நிமிர்ந்ததை அவளே உணர்ந்தாள், குனிந்துகொள்ளத் தோன்றவில்லை. அவர் ஹாலுக்குப் போகவில்லை. பையிலிருந்து போனை எடுத்தார். "ஆசாரி, நான் சோலை பேசுறேன். இன்னிக்கு வர வேணாம்... இல்ல, நாளைக்கும் வேணாம்... பலகை வேற யாருக்காவது ஆகும்ல, போட்டுக்க" என்று சொல்லி வைத்தார். ஹாலில் தேனு சோபாவுக்குப் போகாமல் நடுவில் நின்றிருந்தாள். பலகை இருந்த இடத்தில் வானம் இருந்தது, கொஞ்சம் பால் கலந்த வானம், அதற்குக் கீழே சுவர், சுவருக்கு அந்தப் பக்கம் தண்டவாளம். தலையை ஒரு பக்கம் சாய்த்துப் பார்த்தாள். ஓர் அடி வைத்தாள், நின்றாள். தண்டவாளத்தில் பாசஞ்சரின் சத்தம் முதலில் தரைக்குத்தான் வரும், அது அவள் பாதத்துக்குத் தெரிந்ததும் கைகள் காதுக்குப் போயின, பாதி வழியில் நின்றன, கீழே வந்தன. பிறகு ஓடினாள். சோலையப்பன் பழக்கத்தில் எட்டி அவள் மணிக்கட்டைப் பிடிக்கப் போனார், அந்தத் தழும்பு இருக்கிற மணிக்கட்டை. "விடுங்க" என்றாள் உமையாள். சத்தமாகக்கூடச் சொல்லவில்லை. அவர் கை அந்தரத்தில் நின்றது. தேனு குதிகாலை எக்கி, தோளிலிருந்து கையை எடுத்து அடித்தாள், கண்ணாடி கணீரென்றது, எஞ்சின் வந்தது, பெட்டிகள் வந்தன, அவர் கண்ணாடியையே பார்த்துக்கொண்டிருந்தார், உமையாள் மகளின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கடைசிப் பெட்டி வளைவில் மறைகிற வரைக்கும் தேனு அடித்துக்கொண்டே இருந்தாள், யாரும் அவள் கையைப் பிடிக்கவில்லை.